இரும்பும் அலையும் – 11: ரோல்ஃப் கிராகே

1849 ஏப்ரல் 5 மாலை. பால்டிக் கடலோரத்தில் எக்கெர்ன்ஃபோர்டு என்ற சிறு ஊரை ஒட்டிய வளைகுடாவில், டென்மார்க் கடற்படையின் பெருமையாக இருந்த 'எட்டாம் கிறிஸ்டியன்' தீப்பிடித்து எரிந்துகொண்டிருந்தது. 84 பீரங்கிகள் சுமந்த மரக்கப்பல் அது. காலையில் வளைகுடாவுக்குள் நுழைந்தபோது கரையில் ஜெர்மன் எதிரிக்கு இருந்தவை இரண்டே சிறு பீரங்கி மேடைகள். அவற்றை அடித்து நொறுக்கிவிட்டுத் திரும்பிவிடலாம் என்றுதான் வந்தார்கள். காற்று கடலிலிருந்து கரை நோக்கி வீசியது. பாய்மரக் கப்பலால் வெளியேற முடியவில்லை. கரையிலிருந்தவர்கள் குண்டுகளை உலையில் பழுக்கக் காய்ச்சி மரப்பக்கங்களில் செலுத்தினார்கள். நெருப்பு மருந்துக் கிடங்கை எட்டியதும் கப்பல் வெடித்துச் சிதறியது. கூட வந்த 'கெஃபியோன்' சரணடைந்தது.

கரையில் நிற்கும் பீரங்கிக்கு முன்னால் மரக்கப்பல் எவ்வளவு திக்கற்றது என்பதை டேனிஷ்காரர்கள் அன்று கண்கூடாகப் பார்த்தார்கள். இந்த வாரக் கதையின் நாயகக் கப்பலைப் புரிந்துகொள்ள அந்த மாலையிலிருந்து தொடங்கியே ஆகவேண்டும். அடுத்த போர் வந்தால் அதுவும் இதே கரைகளில்தான், இதே ஆழமற்ற நீரில்தான் நடக்கும் என்று அவர்களுக்குத் தெரியும். கரைப் பீரங்கியின் அடியைத் தாங்கவும், காற்றின் தயவு இல்லாமல் வந்துபோகவும், குறுகிய கழிகளில் நுழையவும் ஒரு கப்பல் வேண்டும். 13 ஆண்டுகள் கழித்து, 1862 கோடையில், அப்படி ஒன்றைக் கட்டித்தரச் சொல்லி ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் ராபர்ட் நேப்பியர் கப்பல் தளத்தை அணுகினார்கள். சென்ற இதழில் பார்த்த, அமெரிக்கக் கவசக் கப்பல்கள் மோதிக்கொண்ட ஹாம்ப்டன் ரோட்ஸ் சண்டை முடிந்து அப்போது ஆறு மாதம்கூட ஆகவில்லை.

அமெரிக்காவின் 'மானிட்டர்' சுழல் கோபுரத்துக்கு எரிக்சன் தகப்பன் என்றால், ஐரோப்பாவின் சுழல் கோபுரத்துக்குத் தகப்பன் பிரிட்டிஷ் கடற்படைக் கேப்டன் கௌப்பர் கோல்ஸ். இரண்டுக்கும் அடிப்படையில் ஒரு வேறுபாடு உண்டு. எரிக்சனின் கோபுரம் தளத்தின் மேலேயே உட்கார்ந்திருக்கும். சுழல வேண்டுமென்றால் முதலில் அதைச் சற்றே தூக்கவேண்டும். கோல்ஸ் தன் கோபுரத்தின் அடிப்பகுதியைத் தளத்துக்குக் கீழே இறக்கி, உருளைகளின் மேல் உட்கார வைத்தார். வெளியே தெரிவது மேல்பாதி மட்டும். எதிரிக்கு இலக்கு சிறியது, பளு தாழ்வாக இருப்பதால் கப்பலும் அதிகம் ஆடாது. 1861-இல் 'டிரஸ்டி' என்ற பழைய கப்பலில் வைத்துச் சோதித்தார்கள். நன்றாகவே வேலை செய்தது. ஆனாலும் பிரிட்டிஷ் கடற்படைத் தலைமை அவசரப்படவில்லை. உலகின் மிகப் பெரிய கடற்படையைச் சின்னஞ்சிறு டென்மார்க் முந்திக்கொண்டது. கோல்ஸ் கோபுரத்தோடு கட்டி முடிக்கப்பட்ட முதல் போர்க்கப்பல் டென்மார்க்கின் கொடியைத்தான் ஏற்றியது.

1863 மே 6 அன்று கப்பல் நீரில் இறக்கப்பட்டது. லெய்ரே என்ற ஊரிலிருந்து ஆண்டதாகப் பழங்கதைகள் சொல்லும் மன்னன் ரோல்ஃப் கிராகேயின் பெயரை அதற்குச் சூட்டினார்கள். எடை சுமார் 1,350 டன், நீளம் 56 மீட்டருக்குச் சற்று மேல். உடல் முழுக்க இரும்பு. பக்கங்களில் நாலரை அங்குல இரும்புத் தகடு, அதற்குப் பின்னால் தாங்கு பலகையாகத் தேக்கு. முன்னும் பின்னுமாக இரண்டு கோபுரங்கள். ஒவ்வொன்றிலும் 68 பவுண்டு குண்டு வீசும் இரண்டு பீரங்கிகள். 84 பீரங்கிகள் கொண்டிருந்த 'எட்டாம் கிறிஸ்டியன்' எங்கே, நான்கே பீரங்கிகள் கொண்ட இது எங்கே! ஆனால் கோபுரம் சுழலும் என்பதால் நான்கையும் இடம் வலம் எந்தப் பக்கமும் திருப்பலாம். கப்பல் ஒரே திசையில் போய்க்கொண்டே வேறு திசையில் சுடலாம். நீரில் மூழ்கும் ஆழம் மூன்று மீட்டருக்குச் சற்று அதிகம், அவ்வளவுதான். பக்கத்துத் தடுப்புச் சுவர்கள் கீல் வைத்தவை. சண்டைக்கு முன் அவற்றை வெளிப்பக்கமாக மடித்து இறக்கிவிட்டால், எதிரியின் கண்ணுக்கு நீர்மட்டத்தை ஒட்டிய ஒரு கறுப்புக் கோடும் இரண்டு உருளைகளும் புகைபோக்கியும் பாய்மரங்களுமே தெரியும்.

குறைகளும் அதிலேயே இருந்தன. பக்கக் கவசம் தடிமன், மேல்தளத் தகடு மெல்லியது. பீரங்கிகள் பழைய பாணியில் உட்புறம் வழவழப்பானவை. கோபுரத்தின் துளைகள் சிறியவை. குழாயை அதிகம் உயர்த்திச் சுட முடியாது. இந்தக் குறைகள் பட்டியலில் சிறியவையாகத் தெரியும். ஒரு வருடத்துக்குள் ஒவ்வொன்றுக்கும் விலை கொடுக்க நேர்ந்தது.

போரின் காரணத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன் என்ற இரண்டு சீமைகளுக்கும் டென்மார்க் மன்னரே கோமகன். ஹோல்ஸ்டைன் முழுக்க ஜெர்மன் பேசுவது, ஜெர்மன் கூட்டமைப்பில் உறுப்பு. ஷ்லெஸ்விக்கில் வடக்கே டேனிஷ், தெற்கே ஜெர்மன். 1863 நவம்பரில் அரியணை ஏறிய ஒன்பதாம் கிறிஸ்டியன், ஷ்லெஸ்விக்கை டென்மார்க்கோடு இறுக்கிக் கட்டும் புதிய அரசியல் சட்டத்தில் சில நாட்களிலேயே கையெழுத்திட்டார். 1852-இல் லண்டனில் வல்லரசுகளுக்குக் கொடுத்த வாக்குக்கு அது முரணானது. பிரஷ்யப் பிரதமர் பிஸ்மார்க் காத்திருந்தது இதற்குத்தான். ஆஸ்திரியாவையும் சேர்த்துக்கொண்டு 1864 பிப்ரவரி 1 அன்று பிரஷ்யா ஷ்லெஸ்விக்குக்குள் நுழைந்தது. நம் தரங்கம்பாடியை 225 ஆண்டுகள் கையில் வைத்திருந்து 1845-இல் ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டுப் போன டென்மார்க், இருபது ஆண்டுகளுக்குள் தன் வீட்டு வாசலுக்கே போராட வேண்டியதாயிற்று.

பிப்ரவரி 5 இரவு டேனிஷ் தளபதி டி மெஸா, நூற்றாண்டுகள் பழைய டானவெர்க்க அரணைக் கைவிட்டுப் பனியில் பின்வாங்கினார். சேனை டூபெல் என்ற குன்றுக்கு வந்து நின்றது. கிழக்கே அதன் முதுகில் ஆல்ஸ் என்ற தீவு. நடுவே குறுகலான நீரிணை. தெற்கே, குன்றின் இடது தோளை ஒட்டி, வெமிங்பண்ட் என்ற விரிகுடா. அந்த விரிகுடாவின் மறுகரையில் புரோவேர் என்ற தீபகற்பம். குன்றின் மேல் சுமார் மூன்று கிலோமீட்டருக்குப் பத்து மண்கோட்டைகள். நிலத்தில் பிரஷ்யா பலசாலி, நீரில் டென்மார்க் பலசாலி. நிலமும் நீரும் இப்படிப் பின்னிக்கிடக்கும் இடத்தில் ஒரு கவசக் கப்பல் எவ்வளவு செய்யலாம்! வாசகர்கள் இந்த மூன்று பெயர்களை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்: டூபெல், வெமிங்பண்ட், புரோவேர்.

புரோவேருக்குப் படையையும் தளவாடங்களையும் சுருக்கமாகக் கொண்டுசெல்ல பிரஷ்யர்கள் எயர்ன்சுண்டு என்ற குறுகிய வாய்க்காலின் குறுக்கே மிதவைப் பாலம் ஒன்று போட்டார்கள். பாலத்தை உடைக்கும் பொறுப்பு பிப்ரவரி 18 அன்று ரோல்ஃப் கிராகேயிடம் வந்தது. கப்பல் தலைவர் கேப்டன் ரோத்தே. ஃபிளென்ஸ்பர்க் ஃபியோர்டுக்குள் கப்பல் நுழைந்ததும் இரு பக்கமும் மறைந்திருந்த பிரஷ்யப் பீரங்கிகள் சுடத் தொடங்கின.

அவை வெறும் உருண்டைக் குண்டுகள் வீசுபவை அல்ல. குழாயின் உட்புறம் முறுக்குவரி வெட்டிய, பின்பக்கம் திறந்து மருந்து நிரப்பும் புதிய பீரங்கிகள். குண்டு நீள்வடிவம், தூரமும் குறியும் துல்லியம். கப்பலின் மீது அடிக்குமேல் அடி விழுந்தது. புகைபோக்கி ஓட்டையானது. பாய்மரக் கயிறுகள் அறுந்து தொங்கின. தளத்திலிருந்த படகுகளும் சில்லறைச் சாமான்களும் சிதறின. உள்ளே, கோபுரத்தின் இருட்டில், ஒவ்வொரு குண்டும் தகட்டில் மோதும்போது காது அடைத்துப்போகும் ஓசை. ஆனால் பக்கக் கவசத்தை ஒன்றுகூடத் துளைக்கவில்லை. 15 ஆண்டுகளுக்கு முன் 'எட்டாம் கிறிஸ்டியன்' அழிந்ததற்கு நேர்மாறாக, கரைப் பீரங்கிகளின் நடுவே நின்று அடி வாங்கியபடி இந்தக் கப்பல் உயிரோடு திரும்பியது. கிளாஸ்கோவில் கொடுத்த பணம் வீணாகவில்லை.

பாலமும் உடையவில்லை. அதுதான் இந்தக் கதையின் துயரம். முன்னே நீர் ஆழமற்றுப்போனது. பாலம் நிலமுனையின் மறைவில் இருந்தது. கிட்டே போகவும் வழியில்லை, தூரத்திலிருந்து குறிபார்த்து உடைக்க அந்த வழவழப்புக் குழாய்களுக்குத் திறனும் இல்லை. எதிரியை வியக்க வைத்துவிட்டுக் கப்பல் திரும்பியது, பாலம் நின்றது. ஒரு இரவில் சிறு படகுகளில் ஆட்களை அனுப்பியிருந்தால், கரையில் ஒரு படைப்பிரிவு கைகொடுத்திருந்தால் என்று யோசிக்காமல் இருக்க என்னால் முடியவில்லை. தரைப்படையும் கடற்படையும் சேர்ந்து ஒரு திட்டம் போட்டதாக அந்த நாளில் எதுவும் தெரியவில்லை. கப்பலை மட்டும் தனியே அனுப்பினார்கள்.

அந்தப் பாலத்தின் பயன் ஒரு மாதத்தில் தெரிந்தது. மார்ச் நடுவில் புரோவேரின் கரையில், காமெல்மார்க் என்ற இடத்தில், பிரஷ்யப் பீரங்கி மேடைகள் எழுந்தன. அங்கிருந்து விரிகுடாவைத் தாண்டி டூபெல் மண்கோட்டைகளின் பக்கவாட்டிலும் முதுகிலும் குண்டுகள் விழத் தொடங்கின. கோட்டைகளைக் கட்டியவர்கள் இவ்வளவு தூரத்திலிருந்து எதிரி அடிப்பான் என்று நினைத்திருக்கவே இல்லை. அந்த மேடைகள் இன்னொரு வேலையும் செய்தன. வெமிங்பண்ட் விரிகுடாவுக்குள் வரும் எந்தக் கப்பலும் இனி அவற்றின் வாய்முன் வந்தாகவேண்டும்.

மார்ச் 28 விடியற்காலையில் பிரஷ்யர்கள் முன்னேறியபோது ரோல்ஃப் கிராகே விரிகுடாவுக்குள் வந்து அவர்களின் பக்கவாட்டில் சுட்டது. தாக்குதல் முறிந்தது. இந்தக் கப்பலை வடிவமைத்தவர்கள் மனத்தில் கண்ட காட்சி அன்று ஒருநாள்தான் நிறைவேறியது என்பேன்: மேலே கோட்டைகளில் காலாட்படை, கீழே நீரில் கவசக் கப்பல், நடுவில் சிக்கிய எதிரி. பிரஷ்ய முகாமில் அதன் பெயர் எல்லோர் வாயிலும் புழங்கியது. ஏப்ரல் தொடக்கத்தில் இளவரசர் ஃபிரெடெரிக் கார்ல், டூபெலை விட்டுவிட்டு வடக்கே பாலெகோர் என்ற இடத்திலிருந்து இரவோடிரவாகப் படகுகளில் ஆல்ஸ் தீவுக்குத் தாவிவிடத் திட்டமிட்டார். புயல் வந்து திட்டம் நின்றது. வந்திருக்காவிட்டாலும், திறந்த படகுகளில் ஆயிரக்கணக்கான பேர் நடு நீரில் இருக்கும்போது அந்தக் கறுப்புக் கப்பல் வந்துவிட்டால் என்ன ஆகும் என்ற கவலை அந்தத் திட்டத்தை வரைந்தவர்களை உறுத்தாமல் இருந்திருக்காது.

ஏப்ரல் 18. விடியுமுன்பே தொடங்கிய பிரஷ்யக் குண்டுமழை ஆறு மணி நேரம் ஓயவில்லை. காலை சரியாக 10 மணிக்கு அது நின்றது. பதுங்குகுழிகளிலிருந்து பத்தாயிரம் பேர் ஒரே சமயத்தில் எழுந்து ஓடினார்கள். தென்பக்கத்து ஆறு மண்கோட்டைகளும் ஏறத்தாழ அரை மணி நேரத்தில் விழுந்தன. இந்த 'அரை மணி' முக்கியம். ரோல்ஃப் கிராகே விரிகுடாவின் வெளியே நின்றிருந்தது. தாக்குதல் தொடங்கியது தெரிந்து, கொதிகலனை முழுவதும் எரியவிட்டு உள்ளே விரைந்தது. அதன் உச்ச வேகமே மணிக்கு ஒன்பது, பத்துக் கடல்மைல்தான். அது சுடும் தூரத்துக்கு வந்து சேர்வதற்குள் கோட்டைகளின் மேல் பிரஷ்யக் கொடி. குன்றின் மேல் இரு தரப்பும் கலந்துகிடந்தன, எங்கே சுடுவது? பின்னால் வந்த பிரஷ்ய அணிகளைக் குறிவைத்துச் சுட்டார்கள். காமெல்மார்க் பீரங்கிகள் கப்பலின் மீது திரும்பின. உயரத்திலிருந்து சரிந்து விழுந்த ஒரு குண்டு மெல்லிய மேல்தளத்தைத் துளைத்து உள்ளே வெடித்தது. ஒரு இளம் அதிகாரி இறந்தார், பலர் காயமடைந்தார்கள். பக்கங்களில் நாலரை அங்குல இரும்பைச் சுமந்து திரிந்த கப்பலுக்குள் மரணம் கூரை வழியாக இறங்கியது.

அன்று டென்மார்க் இழந்தவர்கள் கொல்லப்பட்டும் காயமடைந்தும் சிறைப்பட்டும் ஐயாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவு. பிரஷ்யாவின் இழப்பு ஆயிரத்து இருநூறு அளவில். டேனிஷ் தளபதி டு பிளாட் களத்திலேயே வீழ்ந்தார்.

அன்றைய தோல்விக்குக் கப்பலைக் குற்றம் சொன்னவர்கள் அப்போதும் இருந்தார்கள், பிறகும் இருந்தார்கள். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. பிப்ரவரியில் பாலம் உடைந்திருந்தால் மார்ச்சில் காமெல்மார்க் மேடைகளை எழுப்புவது அவ்வளவு எளிதாக இருந்திருக்காது. அந்த மேடைகள் இல்லையென்றால் ஏப்ரலில் ரோல்ஃப் கிராகே இரவும் பகலும் வெமிங்பண்டுக்குள்ளேயே கிடந்து காவல் காத்திருக்கும். தாக்குதல் வந்த கணத்தில் அது அரை மணி தூரத்தில் நின்றதற்கு வேர் எயர்ன்சுண்டில் இருக்கிறது. அங்கே தோற்றது கப்பலின் உடம்பு அல்ல. ஒரே ஒரு புதிய இயந்திரத்தை வாங்கி வைத்துக்கொண்டு, அதைச் சுற்றி ஒரு போர்முறையை யோசிக்காமல் விட்டதுதான் தோற்றது.

மூன்று வாரம் கழித்து, மே 9 அன்று, வடகடலில் ஹெலிகோலண்ட் தீவருகே டேனிஷ் தளபதி சுவென்சன், டெகெட்ஹாஃபின் ஆஸ்திரியக் கப்பல்களில் ஒன்றைத் தீப்பற்ற வைத்து அவற்றை விரட்டினார். அவரிடம் இருந்தவை முழுக்க மரக்கப்பல்கள். அவற்றில் ஒன்றான 'யூலண்ட்' இன்றும் எபெல்டோஃப்ட் நகரில் அருங்காட்சியகமாக நிற்கிறது. நாடு கொண்டாடியது. மூன்றே நாளில் போர் நிறுத்தம் நடைமுறைக்கு வந்ததால் அந்த வெற்றியால் எந்தப் பலனும் விளையவில்லை. லண்டனில் நடந்த சமரசப் பேச்சு ஜூன் 25-இல் முறிந்தது.

கடைசி வாய்ப்பு ஜூன் 29 அதிகாலை 2 மணிக்கு வந்தது. பிரஷ்யர்கள் இம்முறை நூற்றுக்கும் மேற்பட்ட படகுகளில் ஆல்ஸ் நீரிணையைக் கடந்தார்கள். அங்கே நீரின் அகலம் ஒரு கிலோமீட்டருக்கும் குறைவு. வட ஐரோப்பாவின் கோடை இரவு. முழு இருட்டும் இல்லை. வடக்கே ஆகஸ்டென்போர் ஃபியோர்டுப் பக்கம் காவலிருந்த ரோல்ஃப் கிராகே சத்தம் கேட்டு வந்தது. படகுகளின் மேல் சுட்டது. நீரிணையைக் கடப்பது சற்று நேரம் தடைப்பட்டது. எந்தக் காட்சியை நினைத்துப் பிரஷ்யர்கள் மாதக்கணக்காகக் கவலைப்பட்டார்களோ, அந்தக் காட்சி கண்ணெதிரே நிகழ்ந்துகொண்டிருந்தது.

பிறகு கப்பல் திரும்பிப் போய்விட்டது.

ரோத்தேயின் கணக்கு இப்படித்தான் இருந்திருக்கவேண்டும்: முதல் அலை கரையேறிவிட்டது, தீவு போய்விட்டது, இனித் தன் முதல் கடமை எஞ்சிய டேனிஷ் படைகளை ஏற்றிச்செல்லும் கப்பல்களைக் காப்பது. தீவின் தென்கோடியில் கேக்னெஸ் முனையிலிருந்து படைகள் வெளியேற்றப்பட்டது உண்மை. ஆனால் இரண்டாம் அலைப் படகுகள் இன்னும் நீரில்தான் இருந்தன. இன்னும் ஒரு மணி நேரம் அந்தக் குறுகலில் நின்றிருந்தால் கரையேறிய பிரஷ்யர்கள் துண்டிக்கப்பட்டிருப்பார்கள். கப்பலுக்கும் ஆபத்து இருந்திருக்கும். இரு கரையிலும் பீரங்கிகள், திரும்ப இடமில்லாத நீர். ஆனால் அந்த ஆபத்துக்காகத்தானே அதைக் கட்டினார்கள்? பிப்ரவரியில் பாலத்தை நோக்கி முன்னேறிய அதே மனிதர் ஜூனில் பின்வாங்கினார். நாடு அவரைக் கடுமையாக விமர்சித்தது. டூபெலுக்காகக் கப்பல்மேல் சுமத்தப்பட்ட பழியை நான் ஏற்கவில்லை. ஆல்ஸுக்காக அதன் தலைவர்மேல் விழுந்த பழியை மறுக்க என்னால் முடியவில்லை.

அக்டோபர் 30 அன்று வியன்னாவில் ஒப்பந்தம் கையெழுத்தானது. ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன், லாயென்பர்க் மூன்றும் போயின. மன்னரின் ஆட்சிப் பரப்பில் ஐந்தில் இரண்டு பங்கு. ஷ்லெஸ்விக்கின் வடபகுதி, டூபெலும் ஆல்ஸும் உட்பட, 1920-இல் நடந்த மக்கள் வாக்கெடுப்புக்குப் பிறகுதான் டென்மார்க்குக்குத் திரும்பியது. ரோல்ஃப் கிராகே அதைப் பார்க்க இல்லை. போருக்குப் பின் முறுக்குவரிப் பீரங்கிகள் பொருத்தி, நாற்பது ஆண்டுகளுக்கு மேல் கடற்படைப் பட்டியலில் வைத்திருந்து, 1907-இல் நெதர்லாந்துக்காரர்களிடம் பழைய இரும்பாக விற்றுவிட்டார்கள். கோபுரத்தைக் கண்டுபிடித்த கோல்ஸின் முடிவு இன்னும் கொடியது. தன் யோசனைப்படி கட்டப்பட்ட 'கேப்டன்' என்ற பெரிய கப்பல் 1870 செப்டம்பர் 7 அன்று ஸ்பெயினின் ஃபினிஸ்டர் முனைக்கருகே புயலில் கவிழ்ந்தபோது அவரும் அதில் இருந்தார். கிட்டத்தட்ட 480 பேர் மாண்டார்கள். அந்தக் கப்பலுக்குத் தனியாக ஓர் இதழ் ஒதுக்கியிருக்கிறேன்.

அதற்கு முன் இன்னொரு கப்பல் காத்திருக்கிறது. டூபெல் மீது குண்டு விழுந்துகொண்டிருந்த நாட்களிலேயே, ஒரு கவசக் கப்பல் போதாது என்று உணர்ந்த டென்மார்க் ஐரோப்பாவின் கப்பல் தளங்களில் விலைக்குத் தேடிக்கொண்டிருந்தது. பிரான்சின் போர்தோ நகரில் அர்மான் என்பவரின் தளத்தில் இரண்டு கவசக் கப்பல்கள் இருந்தன. 'ஸ்ஃபிங்ஸ்', 'கெயோப்ஸ்' என்று எகிப்தியப் பெயர்கள். உண்மையில் அவை அமெரிக்காவின் தென்மாநிலக் கூட்டமைப்புக்காக இரகசியமாகக் கட்டப்பட்டவை. விஷயம் வெளியே தெரிந்து மூன்றாம் நெப்போலியன் விற்றுத் தொலைக்கச் சொன்னபோது, ஸ்ஃபிங்ஸை டென்மார்க் 1864 மார்ச் 31 அன்று விலை பேசியது. 'ஸ்டெர்கோடர்' என்று பெயர் வைத்தது. கெயோப்ஸை வாங்கியது பிரஷ்யா. ஒரே தளத்தில் பிறந்த இரட்டைக் கப்பல்கள் ஒரே போரின் இரு தரப்புக்கும் விற்கப்பட்டன. ஸ்டெர்கோடர் கோபன்ஹேகன் துறைமுகத்துக்கு வந்து சேர்ந்தபோது சண்டை ஓய்ந்திருந்தது. டென்மார்க் அதை ஏற்க மறுத்தது. அங்கிருந்து அந்தக் கப்பல் அட்லாண்டிக்கைக் கடந்து ஹவானா வரைக்கும், பிறகு யோகோஹாமா வரைக்கும் போன கதை அடுத்த இதழில்.